மேகத் திருகை

ஐப்பசி பாதி போயும் செம்மறிக்குளத்தில் ஒரு தூறல் விழவில்லை. புரட்டாசி ஈரத்தில் முளைத்திருந்த கம்பும் சோளமும் விரல் நீளத்தில் நின்றுவிட்டன. அந்த நேரத்தில்தான் கண்மாயைத் தூர்வார பாளையம்பட்டியிலிருந்து பொக்லைன் கொண்டுவந்தான் ரஷீத். சவுதியில், தம்மாமில் ஒன்பது வருடம் இதே எந்திரத்தை ஓட்டியவன். வந்த மூன்றாம் நாள், மடைக்குப் பக்கத்தில் பக்கெட் எதிலோ இடித்து நின்றது.

மண்ணை விலக்கியதும் ஒரு திருகைக் கல் தெரிந்தது. வண்டிச் சக்கரத்தின் அகலம். ஓரத்திலிருந்து ஆள் நீளத்துக்கு வெளியே நீண்ட செம்புப் பிடி. எத்தனை காலம் மண்ணுக்குள் கிடந்ததோ, பிடியில் களிம்பே இல்லை.

ஊரில் எல்லோருக்கும் அது என்னவென்று தெரியும். மேகத் திருகை. வலமாகச் சுற்றினால் மழை வரும், இடமாகச் சுற்றினால் போகும் என்று கேட்டே வளர்ந்தவர்கள். அதை ஏன் கண்மாய்க்குள் புதைத்தார்கள் என்று மட்டும் யாரும் சொன்னதில்லை.

"ஒரே ஒரு சுத்து சுத்திப் பாப்போம் மதினி. போறதுக்கு என்ன இருக்கு நம்மகிட்ட?" என்றான் காளிராஜ். ஆறு ஏக்கர் சோளம் அவனுடையது.

பஞ்சாயத்துத் தலைவி தங்கலட்சுமி தன் வயல் பக்கம் பார்த்தாள். அவளுடைய உளுந்தும் கருகிக்கொண்டுதான் இருந்தது. கடைசியில், "ஒண்ணே ஒண்ணுதான் தம்பி" என்றாள்.

ரஷீத் கல்லைத் தூக்கிக் கரைமேல் வைத்தான். எட்டுப் பேர் பிடியைத் தள்ளினார்கள். ஒரு சுற்று முடிவதற்குள் கிழக்கே கறுத்தது. ஒரு மணி நேரம் நின்று பெய்தது. ஆம்பளைகள் சட்டையைக் கழற்றிவிட்டு நனைந்தார்கள்.

தங்கலட்சுமி வாசலில் அண்டாவை வைத்து மழைத் தண்ணீர் பிடித்தாள். காலையில் அண்டா துடைத்து வைத்ததுபோல் காய்ந்து கிடந்தது. ஓட்டை இருக்குமோ என்று திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஊர்க் கிணற்றில் தண்ணீர் இரண்டு படி இறங்கியிருப்பதாகப் பக்கத்து வீட்டுப் பொன்னுத்தாய் வந்து சொன்னாள். மழை பெய்த மறுநாள் கிணறு இறங்குமா என்று இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

பயிர் மட்டும் கிடுகிடுவென்று ஏறியது. இருபது நாள் கழித்து மறுபடி வாடத் தொடங்கியதும் காளிராஜ் யாரிடமும் கேட்கவில்லை. நட்ட நடுப்பகலில் டிராக்டரைக் கொண்டுபோய், செம்புப் பிடியில் கயிற்றைக் கட்டிச் சுற்றிச் சுற்றி இழுத்தான். கயிறு அறுந்த பிறகுதான் நிறுத்தினான். எத்தனை சுற்று என்று எண்ணவில்லை.

மூன்று நாள் மழை. வானம் வெளுத்தபோது சோளம் இடுப்பளவு நின்றது. கண்மாயில் ஒரு கை தண்ணீர்கூடத் தேங்கவில்லை. கிணற்றின் அடியில் பாறை தெரிந்தது. போர்வெல் குழாய்கள் வெறும் காற்றை ஊதின. நரிக்குடியிலிருந்து வந்த தண்ணீர் லாரி தளும்பத் தளும்ப ஊருக்குள் நுழைந்தது; குழாயைத் திறந்தால் ஒன்றும் வரவில்லை. டிரைவர் தொட்டிமேல் ஏறி உள்ளே கையை விட்டுப் பார்த்தார். பிறகு உதட்டை நக்கிக்கொண்டே இறங்கி, யாரையும் பார்க்காமல் வண்டியை எடுத்தார். ஊர் எல்லை தாண்டுவதற்குள் இன்ஜின் சூடேறி நின்றுவிட்டது.

தங்கலட்சுமியின் மகள் சத்யபிரியா பிரசவத்துக்கு வந்திருந்தாள். பிள்ளைக்கு இருபத்தாறு நாள்.

"அம்மா, பால் சுரக்க மாட்டேங்குது. இவன் அழுகுறான், கண்ணுல தண்ணியே வரலைம்மா."

தங்கலட்சுமி பேரனின் கன்னத்தைத் தடவினாள். காகிதம்போல் இருந்தது. வாய் திறந்து திறந்து மூடியது. சத்தம் தேய்ந்துகொண்டே போனது. அவள் ரஷீத்துக்குப் போன் செய்தாள்.

"இந்தா வாரேன்க்கா" என்றான். அவன் பைக்கில் வந்து சேர்ந்தபோது பொக்லைன் ரேடியேட்டரிலும் சொட்டு நீரில்லை.

"எந்திரம் வேணாம். நம்ம தண்ணியத்தான் அது பயிருக்கு எறைச்சிருக்கு, கையாலயே இடமாத் திருப்புவோம்" என்றாள் தங்கலட்சுமி.

பொன்னுத்தாயைக் கிணற்றடியில் வாளியோடு நிறுத்திவிட்டு, கிடைத்தவர்களை எல்லாம் கூட்டிக்கொண்டு கரை ஏறினார்கள். இடமாகத் தள்ளினார்கள். முதல் சுற்றிலேயே கரையோரச் சோளத்தில் தோகை மஞ்சளானது. இரண்டாவதில் தங்கலட்சுமியின் உளுந்து சுருண்டது.

காளிராஜ் வரப்பிலிருந்து ஓடிவந்தான். கதிர் வாங்கும் நேரம். பிடிக்கு முன்னால் நின்று இரண்டு கையையும் விரித்தான். கத்த வாயைத் திறந்தான். நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. எச்சில் விழுங்கப் பார்த்தான், முடியவில்லை. தொண்டையைப் பிடித்துக்கொண்டு நின்றவனின் கண்ணில் முதல்முறையாகப் பயம் தெரிந்தது.

"ஏலே காளி, எங்க வீட்ல பச்சப்பிள்ள சாகக் கெடக்குடா" என்றாள் தங்கலட்சுமி.

அவன் தன் வயலைத் திரும்பிப் பார்த்தான். பிறகு வந்து பிடியில் தோளைக் கொடுத்தான்.

ஐந்தாவது சுற்றா ஆறாவதா தெரியவில்லை, "ஊறுது! தண்ணி ஊறுது!" என்று பொன்னுத்தாயின் குரல் கேட்டது. எல்லோரும் கையை எடுத்தார்கள். கல் நிற்கவில்லை. தன் பாரத்தில் இன்னும் அரைச் சுற்று போய்த்தான் நின்றது.

தங்கலட்சுமி வீட்டுக்கு ஓடினாள். பேரன் வீறிட்டு அழுதுகொண்டிருந்தான். முகமெல்லாம் நனைந்திருந்தது. சத்யபிரியாவின் சேலையும் மார்பில் நனைந்திருந்தது. தங்கலட்சுமி அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

சாயங்காலத்துக்குள் ஊரின் வெள்ளாமை மொத்தமும் சருகானது. மறுநாள் ரஷீத் கல்லைப் பழைய குழிக்குள் இறக்கினான். மேலே ஒரு முழத்துக்குச் சிமெண்ட் போட்டு மூடினார்கள்.

கிணற்றில் இப்போது எட்டி மொள்ளும் அளவுக்குத் தண்ணீர். ஆனால் கார்த்திகைக் கடைசியில் மல்லாங்கிணறு, நரிக்குடி என்று சுற்றிலும் பெய்தபோது மேகம் செம்மறிக்குளத்து எல்லையில் இரண்டாகப் பிரிந்து போனது. ஊருக்கு நேர்மேலே வட்டமாக வெறும் வானம். மார்கழியில் பனிகூட இறங்கவில்லை.

"அரைச் சுத்து கூடப் போயிருச்சு மதினி" என்று ஒருநாள் காளிராஜ் கிணற்றடியில் வந்து நின்றான். "அந்த அரைய மட்டும் திருப்பி விட்டா போதும்ல?"

"அரையில நிப்பாட்ட நம்மளால ஏலுமா தம்பி?"

அவன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போனான். அங்கே நின்ற மற்றவர்களும் அவளுக்கு முகம் கொடுக்காமல் குடத்தைத் தூக்கினார்கள்.

அடுத்த நாள் காலையில் தங்கலட்சுமி கண்மாய்க்குள் இறங்கிப் பார்த்தாள். சிமெண்ட்டின் ஓரத்தில் கடப்பாரை கொத்திய தடங்கள் இருந்தன. ஓர் ஆள் கொத்தியது இல்லை. நாலு பக்கமும் இருந்தன.