சோம்பல் விதியும் சரியாக மூடாத கதவும்

1

இந்தக் கதை ஓர் இயற்பியல் தேர்வில் பிறந்தது. ஐந்தாம் கேள்விக்கு எனக்கு விடை தெரியவில்லை. அந்த இடத்தை வெறுமையாக விடுவது பேராசிரியருக்கு அவமரியாதை என்று தோன்றியதால், ஒரு விதியை நானே கண்டுபிடித்து எழுதினேன்: 'காலம் ஒரு சோம்பேறி. கடந்த காலத்துக்குப் போய் யாராவது குளறுபடி செய்தால், அதைச் சமாளிக்க எது ஆகக் குறைந்த வேலையோ அதை மட்டுமே காலம் செய்யும்.' கீழே ஒரு படமும் வரைந்தேன். (படத்தில் இருந்தது காலம். அது உருளைக்கிழங்கு என்று பக்கத்தில் இருந்தவன் சொன்னதை நான் ஏற்கவில்லை.)

பேராசிரியர் பூஜ்யம் போட்டு, ஓரத்தில் சிவப்பு மையில் கேட்டிருந்தார்: 'இது எந்த உலகத்தில்?'

நியாயமான கேள்வி. ஆகவே அந்த உலகத்தைக் கட்டும் பொறுப்பு என் தலையில் விழுந்தது.

2

முதல் தொடக்கம்: 'ஏழு நிலவுகள் ஒளிர்ந்த வானத்தின் கீழே அவள்—'

(ஏழு நிலவு இருந்தால் தெருவிளக்குச் செலவு மிச்சம். கதைக்கு வேறு பயன் இல்லை.)

இரண்டாம் தொடக்கம்: 'காலம் என்பது என்ன? அது ஒரு நதியா, அல்லது'

(கொட்டாவி வந்துவிட்டது. எனக்கே.)

மூன்றாவது தாக்குப்பிடித்தது:

அந்த உலகத்தில் கடந்த காலத்துக்குப் போய்வருவது அரசு வேலை. பொதுக் கடிகாரம் எங்கே, எப்போது தவறாக ஓடியதோ, அங்கே, அப்போதே போய்ச் சரிசெய்துவிட்டு வர வேண்டும். எதற்கு என்று யாருக்கும் தெரியாது. துறை இருக்கிறது, ஆகவே வேலையும் இருக்கிறது. நம் கதாநாயகி அந்தத் துறையில் கடிகாரம் பழுதுபார்ப்பவள். கெட்டிக்காரி. அன்று ஒரு பழைய ரயில் நிலையத்தின் முன்கூடத்துக்குப் போனாள். பத்து நிமிடம் பின்தங்கி ஓடிய கடிகாரத்தைச் சரியாக்கினாள். ஏணியிலிருந்து இறங்கினாள்.

இறங்கும்போதுதான் எதிர்ப் பெஞ்சைப் பார்த்தாள். ஓர் இளம்பெண். காலடியில் பெரிய பெட்டி. மடியில் ஒரு குழந்தை, பையின் வாரைச் சப்பிக்கொண்டிருந்தது.

அந்தப் பெண், இவளுடைய அம்மா. வாரைச் சப்பியது இவளேதான்.

3

அவர்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரிந்த கதை அது. அப்பாவோடு சண்டை போட்டு, அம்மா ஒரேயடியாகப் பிறந்த வீட்டுக்குக் கிளம்பிவிட்டாள். நிலையத்துக் கடிகாரத்தை நம்பிச் சாவகாசமாக உட்கார்ந்திருந்ததில், மேம்பாலத்துக்கு அந்தப் பக்கம் ரயில் போய்விட்டது. வேறு வழியில்லாமல் திரும்பினாள். அழுது, பேசி, சமாதானமானார்கள். அடுத்த வருடம் தம்பி பிறந்தான்.

"அந்தப் பாழாப்போன கடிகாரம் மட்டும் சரியா ஓடியிருந்தா, இவன்கிட்டேருந்து தப்பிச்சிருப்பேன்!" தம்பியைத் திட்டும்போதெல்லாம் அம்மா இப்படித்தான் முடிப்பாள். எந்த நிலையம் என்று சொன்னதில்லை. இவளும் கேட்டதில்லை.

இப்போது அது சரியாக ஓடியது. அம்மா அண்ணாந்து பார்த்தாள், பதறி எழுந்தாள், பிள்ளையையும் பெட்டியையும் தூக்கிக்கொண்டு பாலத்தை நோக்கி ஓடினாள். "அம்மா, நில்லும்மா!" என்று இவள் கத்துவதற்குள், வேலை முடிந்தது என்று துறை இவளைத் திரும்ப இழுத்துக்கொண்டது.

(கவனிக்க: சின்ன வயதில் தம்பி வீட்டுக் கடிகாரத்தைப் போட்டு உடைத்தான். அதை ஒட்டவைக்கப் போய்த்தான் இவளுக்கு இந்தத் தொழிலே வந்தது. தம்பி இல்லையென்றால் இவள் கடிகாரத்தைத் தொட்டிருக்க மாட்டாள், தொடாவிட்டால் அம்மா ரயிலைத் தவறவிடுவாள், தவறவிட்டால் தம்பி பிறப்பான், பிறந்தால் உடைப்பான். அறிவியலில் இதற்கு முரண்பாடு என்று பெயர். எங்கள் வீட்டில் வேறு பெயர், அச்சில் வராது.)

4

முடிவு: வீட்டுக்கு ஓடி வருகிறாள். கதவைத் திறக்கும் அம்மா கேட்கிறாள், "தம்பியா? உனக்கு ஏதும்மா தம்பி?" முற்றும்.

எழுதி முடித்ததும் என் மேல் எனக்கே மரியாதை வந்தது. அக்காவிடம் காட்டினேன். அக்கா பல் மருத்துவர். எதைப் படித்தாலும் சொத்தையைத் தேடும் முகம்.

"எதுக்குடா அவனைக் கொன்னே?"

"கொல்லலக்கா. அவன் பிறக்கவே இல்ல."

"தம்பியை இல்லாம பண்றது அவ்வளவு சுலபம்னா நான் எப்பவோ பண்ணியிருக்க மாட்டேனா?"

"சோகமா முடிஞ்சாத்தான்கா மதிப்பு."

"உன் மதிப்பைத்தான் பேப்பர்ல பார்த்தேனே, பூஜ்யம்." பேனாவால் என் அறைக் கதவைக் காட்டினாள். சிறுவயதில் அதன் கைப்பிடியில் தொங்கி நான் ஊஞ்சலாடியதிலிருந்து அது முழுதாக மூடியதில்லை. "காலம் சோம்பேறின்னு நீதானே எழுதினே? உன்னை இல்லாம பண்ணணும்னா முதல்ல அந்தக் கதவை நேராக்கணும். சுவத்துல நீ கிறுக்கினதை அழிக்கணும். உன்னைத் திட்டித் திட்டியே கட்டிப்போன அம்மா தொண்டையைப் பழையபடி ஆக்கணும். நான் உன்கூடப் போட்ட சண்டைக்கெல்லாம் வேற ஆள் பிடிக்கணும். இவ்வளவு வேலையை ஒரு சோம்பேறி செய்யுமாடா? சின்னதா எதையாவது நகர்த்திட்டுப் படுத்துக்கும்."

தாளை என் மடியில் போட்டுவிட்டு வெளியே போனாள். போகும்போது கதவை இழுத்து மூடப் பார்த்தாள்.

மூடவில்லை.

5

திருத்திய பிரதி:

மாலை. அவள் படியேறுகிறாள். சுவரைப் பார்க்கவில்லை. பார்த்தால், தம்பி பந்தடித்த கறை இருக்கிறதா இல்லையா என்று தெரிந்துவிடும். தெரியாதவரை அவனுக்கு ஒரு தம்ளர், ஒரு தலையணை, ஒரு மூலை எல்லாம் இருக்கின்றன. சாவியை எடுக்கிறாள். (இங்கே மழை பெய்ய வைத்தேன். பிறகு நிறுத்தினேன். அவளுக்கு ஏற்கெனவே போதுமான தொல்லை.)

சாவி தேவைப்படவில்லை. கதவு சரியாக மூடாமல் ஒரு விரல் அகலம் திறந்திருந்தது.

"அக்கா! உன் சார்ஜரை எங்கே ஒளிச்சு வெச்சே?"

அவள் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். தம்பி வந்து எட்டிப் பார்த்தான். "என்னக்கா, அழறியா? சரி சரி, சார்ஜர் வேணாம்."

"ஒண்ணுமில்லடா. எடுத்துக்கோ. ரெண்டு நாள் கூட வெச்சுக்கோ."

"அம்மா! அக்காவுக்கு உடம்பு சரியில்ல!"

"நீ என்னடா பண்ணினே அவளை?" உள்ளிருந்து அம்மாவின் தொண்டை கட்டிய குரல். "அந்தப் பாழாப்போன ரயில் மட்டும் நேரத்துக்குக் கிளம்பியிருந்தா, உன்கிட்டேருந்து தப்பிச்சிருப்பேன்! பத்து நிமிஷம் முன்னாடியே போய்த் தொலைஞ்சிடுச்சு!"

ரயில். கடிகாரம் அல்ல. அந்த வீட்டில் அது அவள் காதில் மட்டும்தான் உறைத்தது. போய்வந்தவரின் பழைய நினைவைக் காலம் அழிப்பதில்லை. (மறுபடியும் சோம்பல்.) அவள் சிரித்தாள், மூக்கை உறிஞ்சிக்கொண்டு.

இங்கே நிறுத்தியிருக்க வேண்டும். ஆனால் அந்த உலகத்தில் ரயில்வேக்கும் ஒரு துறை உண்டு: முன்கூட்டியே கிளம்பிய ரயில்களைப் போய்ப் பிடித்து நிறுத்த. அவர்கள் ஒரு நாள் இந்த ரயிலுக்கும் வருவார்கள். அப்போது காலம் எதை நகர்த்தும்? அம்மாவின் செருப்பு அறுமா, பாலத்துப் படி வழுக்குமா, பெட்டி வாய் திறந்து துணி கொட்டுமா? உங்கள் இஷ்டம். நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்.

ஒரே நிபந்தனை. அந்தக் கதவைச் சரிசெய்யக் கூடாது.