காவக்காரன் பேரு

பெரியபாளையத்தில் பவானியம்மனைக் கும்பிட்டுவிட்டு எல்லாரும் நெற்றி நிறையக் குங்குமத்தோடு பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததும், கைடு ஆதிகேசவன் டிரைவருக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு தலைகளை எண்ணினார். இரண்டாம் வரிசை சன்னலோரத்தில் இருந்த பச்சையம்மாவின் தலைக்கு நேராக அவர் விரல் ஒரு கணம் நின்றது. அப்புறம் தாண்டிப் போய்விட்டது. அவருக்கு அடையாளம் தெரியவில்லை. எப்படித் தெரியும்? பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் போலீஸ் ஸ்டேஷன் வாசலில், கைக்குழந்தையோடு, எண்ணெய் காணாத தலையோடு, அவர் காலைப் பிடித்துக் கதறிய பெண்ணுக்கு அப்போது இருபத்தாறு வயசு. இப்போது இருப்பவள் மணவாள நகரில் ஒரு கம்பெனி கேன்டீனில் இட்லி அவித்து அவித்து ஆவியில் முகம் வெளுத்துப்போன நரைத்தலைக்காரி. அவளுக்கோ அவரை, பஸ்ஸுக்குள் கால் வைப்பதற்கு முன்னாலேயே, குரலை வைத்தே தெரிந்துவிட்டது. வெல்லப்பாகு மாதிரி வழுக்கிக்கொண்டு போகும் அதே குரல்.

அவள் இந்த டூருக்கு வந்ததற்குக் காரணம் சாராள். அதே கேன்டீனில் பாத்திரம் கழுவுகிறவள். போன வருஷம் இதே போல ஒரு ஞாயிற்றுக்கிழமை டூருக்குப் போய்விட்டு வந்து, காய் நறுக்கும்போது கதை கதையாகச் சொன்னாள். திருப்பாச்சூர் கோயில், பெரியபாளையம், பழவேற்காட்டில் ஒல்லாந்தர் கல்லறை, அதற்கப்புறம் ஏரிக்கரையில் ஒரு குப்பத்துப் பக்கம் இடிந்து கிடக்கும் பெருமாள் கோயில். “அங்க ஒரு கூத்து கேளு பச்சைம்மா. காவக்காரனே சாமிய மூட்ட கட்டிக்கினு பூட்டானாம். கைடு அத நடிச்சுக் காட்டுறாரு பாரு, வயிறு நோவச் சிரிச்சோம்.” பச்சையம்மா நறுக்குவதை நிறுத்தவில்லை. கைடுக்கு என்ன பேரு என்று மட்டும் கேட்டாள். சாராளுக்குத் தன் தோழியின் புருஷன் செத்துப்போனது தெரியும். அவன் என்ன வேலை பார்த்தான், எந்த ஊர்க்காரன் என்பது தெரியாது. அந்த ஊர்ப் பேரைப் பச்சையம்மா பன்னிரண்டு வருஷமாக வாயால் உச்சரித்ததில்லை.

அந்தக் காவல்காரன்தான் அவள் புருஷன் தேசப்பன். ஏரியில் வலை போடுகிறவன்தான். வருஷத்துக்கு இரண்டு மூட்டை நெல்லுக்காக அந்த இடிந்த கோயிலைப் பெருக்கி, விளக்கேற்றி, பூட்டித் திறந்துகொண்டிருந்தான். ஒரு நாள் காலையில் தாயார் சிலையைக் காணோம். தர்மகர்த்தாவிடம் கணக்கெழுதிக்கொண்டிருந்த ஆதிகேசவன், விடியற்காலை நாலரை மணிக்கு தேசப்பன் மூட்டையோடு கோயிலைவிட்டு வெளியே வந்ததைக் கண்ணால் பார்த்ததாகச் சொன்னார். நாலு நாள் ஸ்டேஷனில் வைத்திருந்தார்கள். சிலையும் கிடைக்கவில்லை, வழக்கும் நிற்கவில்லை. திரும்பி வந்தபோது அவன் வலது கையில் மூன்று விரல் மடங்கவில்லை.

அதோடு போயிருந்தாலும் பிழைத்திருப்பார்கள். ஏரியில் எந்த நாள், எந்த இடத்தில், யார் வலை போடுவது என்று குப்பமே முறை வைத்துப் பிரித்துக்கொள்வதற்குப் பாடு என்று பேர். சாமியைத் திருடியவனுக்குப் பாடு கிடையாது என்று ஊர்க்கூட்டம் தீர்ப்புச் சொன்னது. தீர்ப்பைச் சொன்ன வாய் தலைவர் அப்பாவுவினுடையது. அன்றிரவு தேசப்பன் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டு, பெண்டாட்டியிடம் ஒரு விஷயத்தைச் சொன்னான். சொல்லிவிட்டு, குழந்தையின் தலைமேல் அவள் கையை வைத்து, வெளியே விடமாட்டேன் என்று சத்தியமும் வாங்கிக்கொண்டான். என்றைக்காவது அப்பாவு மாமாவே வாயைத் திறப்பார் என்று நம்பினான். ஒன்றரை வருஷம் நம்பினான். அப்புறம் ஒரு ஐப்பசி மழையில், அடுத்த ஊர்க்காரர்களுக்குக் கூலிக்கு இறால் தடவிப் பிடிக்கப் போனவன், அந்தக் கையோடு கவிழ்ந்த படகைப் பிடிக்க முடியாமல் போய்ச் சேர்ந்தான். குழந்தையும் அடுத்த கோடையில் அம்மை கண்டு போய்விட்டது. சத்தியம் வாங்கியவனும் இல்லை, சத்தியம் செய்த தலையும் இல்லை. இனி யாருக்குப் பயப்பட வேண்டும்?

ஒல்லாந்தர் கல்லறை வாசலில் இரண்டு பக்கமும் கல்லில் எலும்புக்கூடு செதுக்கியிருந்தது. பிள்ளைகள் அதன் பல்லைத் தொட்டுப் பார்த்துச் சிரித்தார்கள். முந்நூறு வருஷத்துக்கு முன்னால் கடல் தாண்டி வந்து செத்தவர்களின் பேர், ஊர், வயசு, எத்தனை நாள் வாழ்ந்தார்கள் என்பதெல்லாம் கல்லில் ஒரு எழுத்து அழியாமல் இருப்பதாக ஆதிகேசவன் விவரித்தார். பச்சையம்மா ஒரு கல்லின்மேல் உள்ளங்கையை வைத்தாள். வெயிலில் தோசைக்கல் மாதிரி சுட்டது. எவனோ ஒரு சீமைக்காரனுக்குப் பேர் இருக்கிறது. சாப்பாட்டுப் பொட்டலத்தைச் சாராள் பிரித்து நீட்டியபோது வேண்டாம் என்றாள். வயிறு சரியில்லையா என்று சாராள் கேட்டதற்கு, பசி இல்லை, அப்பால பாத்துக்கலாம் என்று சொல்லிவைத்தாள்.

மூன்று மணிக்கு பஸ் குப்பத்துக்கு வெளியே மணலில் நின்றது. ஞாயிற்றுக்கிழமை பஸ் வரும் என்று தெரிந்து, கருவாடும் சங்கும் விற்கப் பத்துப் பதினைந்து பேர் கோயிலடியில் காத்திருந்தார்கள். இளசுகளை அவளுக்குத் தெரியவில்லை. பெரிசுகளை எல்லாம் தெரிந்தது. முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு கூட்டத்தோடு கூட்டமாக நடந்தாள். கோபுரம் இன்னும் கொஞ்சம் சரிந்திருந்தது. மண்டபத் தூணில் சாய்ந்து, இடுப்பில் வேட்டியைத் தார்பாய்ச்சிக் கட்டி, அப்பாவு உட்கார்ந்திருந்தார். தாடை விழுந்து கிழவனாகிவிட்டார். படகுச் சவாரிக்கு ஆள் பிடித்துக் கொடுப்பது இப்போது அவர் பொறுப்பு போலிருந்தது. பக்கத்தில் கருவாட்டுக் கூடையோடு நின்றவள் செல்லியம்மாள், அவருடைய மருமகள். பச்சையம்மாவும் செல்லியம்மாளும் ஒரே வருஷத்தில் அந்தக் குப்பத்துக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவர்கள்.

ஆதிகேசவன் வெறும் பீடத்தின்மேல் ஒரு கையை வைத்துக்கொண்டு ஆரம்பித்தார். ஒரு முழ உயரத்துக்கு ஐம்பொன் தாயார், கண்ணில் வெள்ளி, பார்த்தால் பேசுகிற மாதிரி இருக்கும். அப்புறம் குரலைத் தாழ்த்தினார். வேலியே பயிரை மேய்ந்த கதை என்றார். துண்டை மூட்டையாகச் சுருட்டித் தோளில் வைத்து, குனிந்து, கள்ளப்பார்வை பார்த்தபடி நாலு எட்டு நடந்து காட்டினார். எல்லாரும் சிரித்தார்கள். சாராளும் சிரித்தாள். கருவாடு விற்கிறவர்களில் இரண்டு பேர் சிரித்தார்கள். ஞாயிற்றுக்கிழமைதோறும் அவர்கள் இதைக் கேட்டுச் சிரிக்கிறவர்கள் என்பது அந்தச் சிரிப்பிலேயே தெரிந்தது. அப்பாவு சிரிக்கவில்லை. மணலில் ஒரு குச்சியால் கோடு கிழித்துக்கொண்டிருந்தார்.

பச்சையம்மாவுக்குக் கோபம் வரவில்லை. அதுதான் அவளுக்கே ஆச்சரியம். கோபமெல்லாம் எப்போதோ காய்ந்து, இறுகி, உள்ளே கல்லாகக் கிடந்தது. அதை எடுத்து வீசும்போது குறி தப்பக் கூடாது என்பதுதான் அவள் கவலை. முன்னால் போனாள்.

“அந்தக் காவக்காரனுக்கு இன்னா சார் பேரு?”

பேர் எதுக்கும்மா, யாரோ ஒருத்தன் என்றார் ஆதிகேசவன். அவன் போனதை யார் பார்த்தது என்று கேட்டாள். பெருமையாக நெஞ்சில் கை வைத்து, அடியேனேதான் என்றார். கூட்டத்தில் ஒருவர் கைகூடத் தட்டினார். அவள் இடுப்பிலிருந்து, காலையில் பெரியபாளையத்தில் வாங்கிய கற்பூரப் பொட்டலத்தை எடுத்தாள். மூன்று கட்டியைப் பீடத்தின்மேல் வைத்துக் கொளுத்தினாள். ஏரிக்காற்றில் சுடர் படுத்துப் படுத்து எழுந்தது. அப்புறம் முக்காட்டை எடுத்தாள்.

“அவரு பேரு தேசப்பன். நான் அவரு பொண்டாட்டி. நீ பாத்தது நெசமுன்னா இத அணைச்சுச் சத்தியம் பண்ணு.”

கருவாட்டுக் கூடைகள் ஒவ்வொன்றாக இறங்கின. டூரில் வந்தவர்கள் இதுவும் நிகழ்ச்சியில் சேர்ந்ததோ என்று கைடு முகத்தைப் பார்த்தார்கள். அந்த முகத்தில் வெல்லப்பாகு எல்லாம் வடிந்துபோயிருந்தது. கையை நீட்டினார். சுடருக்கு நாலு விரல்கடை உயரத்தில் கை நின்றது. பொய் சொல்லிப் பிழைக்கிறவர்தான். ஆனாலும் பெரியபாளையத்துக் கற்பூரம். கையை இழுத்துக்கொண்டு, அவளுக்கு மட்டும் கேட்கிற மாதிரி, தர்மகர்த்தா சொல்லச் சொன்னார், சொன்னேன், எனக்கும் மூணு பொண்ணுங்க, அவரே செத்து மண்ணாயிட்டாரு என்று முனகினார். அவள் நகரவில்லை. எல்லாருக்கும் கேட்கட்டும் என்றாள். அவர் அதையே மறுபடி, பின்னால் நின்றவர்களுக்கும் கேட்கச் சொன்னார்.

கற்பூரம் பாதிக்கு வந்திருந்தது. அவள் தூண் பக்கம் திரும்பினாள்.

“மாமா. இன்னும் ஒருத்தர் கீறாரு இல்ல. அன்னைக்கு நாலரை மணிக்கு எங்க ஊட்டுக்காரரு எங்க இருந்தாரு, நீங்க சொல்லுங்க.”

அப்பாவு குச்சியைக் கீழே போட்டார். தூணைப் பிடித்து நிமிர்ந்து உட்கார்ந்தார். செல்லியம்மாள் மாமனாரையே பார்த்தாள். அந்தப் பார்வையைத் தாங்காமல்தான் சொன்னாரோ, கற்பூரத்துக்குப் பயந்து சொன்னாரோ, இல்லை பன்னிரண்டு வருஷமாகச் சொல்லத்தான் காத்திருந்தாரோ, யாருக்குத் தெரியும்.

“எங்கூடத்தான் இருந்தான்” என்றார். “என் படகுல. வேற ஊட்டுக்காரன் பாடு இருந்த எடத்துல திருட்டுத்தனமா வல போட இட்டுக்கினு போனேன். சொன்னா என் தலைவர் பட்டம் போயிருக்கும். அவன் வாயே தொறக்கல.”

கற்பூரம் தானாக அணைந்தது. பீடத்தில் கறுப்பாக ஒரு வட்டம் மிஞ்சியது. டூர்க்காரர்களில் ஒருவர் மணியைப் பார்த்து, டீ எங்கே கிடைக்கும் என்று பக்கத்தில் இருந்தவரைக் கேட்டார். ஒரு குழந்தை தண்ணீர் கேட்டு அழுதது. பொய்யைக் கேட்ட மாதிரியேதான் அவர்கள் உண்மையையும் கேட்டார்கள். பச்சையம்மா அவர்களைப் பார்க்கவில்லை. அவள் பார்த்தது குப்பத்து முகங்களை. ஒவ்வொரு முகமாக, அவசரப்படாமல், கேன்டீனில் தட்டுத் தட்டாகப் பார்த்துப் பரிமாறுகிற மாதிரி பார்த்தாள். இதற்காக எத்தனை வருஷம் ஏங்கியிருக்கிறாள். நெஞ்சு குளிரும் என்று நினைத்திருந்தாள். குளிரவில்லை. இன்னும் வேண்டும் போலிருந்தது.

வலையோடு வந்துகொண்டிருந்த ஆம்பிளைகளுக்கு யாரோ ஓடிப்போய்ச் சொல்லிவிட்டார்கள். அவர்கள் வந்து ஆதிகேசவனையும் அப்பாவுவையும் சேர்த்துச் சுற்றி நின்றார்கள். தோளில் இருந்த வலைகள் மணலில் விழுந்தன. அவர்கள் கண்ணில் இருந்த கோபம் பச்சையம்மாவுக்கு நன்றாகப் புரிந்தது. இரண்டு பேரை அடித்துவிட்டால் மற்றவர்களின் கை கழுவினதாகிவிடும். அன்றைக்குக் கூட்டத்தில் தலையாட்டிய அத்தனை தலையும் அந்த வட்டத்தில்தான் இருந்தது.

ஆதிகேசவன் எட்டி அவளைப் பார்த்து, அம்மா என்றார். அன்றைக்கு அவர் காலைப் பிடித்து அவள் ஐயா என்று கத்தினாளே, அதே மாதிரி. செல்லியம்மாள் அருகில் வந்து அவள் முழங்கையைத் தொட்டாள்.

“இவங்கள இன்னா பண்றதுன்னு நீயே சொல்லு பச்சைம்மா. நீ சொன்னா ஊரு கேக்கும்.”

ஒரு வார்த்தை போதும். விடுங்க என்றால் விட்டுவிடுவார்கள். இருவருக்கும் உயிர் அந்த ஒரு சொல்லில் தொங்கியது. அவள் அதை நாக்கில் வைத்து ருசி பார்த்தாள்.

“அன்னைக்கு என்னக் கேட்டா செஞ்சீங்க?” என்றாள். “இன்னைக்கும் கேக்காதீங்க.”

கையை விடுவித்துக்கொண்டு மணலில் நடந்தாள். ஊட்டுக்கு வந்து ஒரு வாய் தண்ணியாவது குடித்துவிட்டுப் போ என்று செல்லியம்மாள் பின்னால் சொன்னது கேட்டது. திரும்பவில்லை. சாராள் கூடவே ஓடிவந்தாள். பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததும், சிரித்ததற்கு மன்னிப்புக் கேட்கத் தெரியாமல், மத்தியானம் அவள் வேண்டாமென்ற புளிச்சாதத்தைப் பிரித்து அவள் மடியில் வைத்தாள். பச்சையம்மாவுக்கு அப்போதுதான் பசித்தது. உருண்டை உருண்டையாக எடுத்துச் சாப்பிட ஆரம்பித்தாள்.

எல்லாரும் ஏறியாகிவிட்டது. டிரைவர் ஆரன் அடித்தார். சற்றுப் பொறுத்து மறுபடி அடித்தார். பிறகு கழுத்தைத் திருப்பி, முதல் ஆளாக வந்தவள் என்பதால் அவளைத்தான் கேட்டார். “கைடு வரலியே, அங்க இன்னாம்மா நடக்குது?”

அவள் மென்றுகொண்டிருந்தாள். சன்னல் வழியே பார்த்தால் முதுகுகள்தான் தெரிந்தன. கறுத்த, ஈரம் காயாத முதுகுகள், ஒன்றோடொன்று நெருங்கி. நடுவில் யார் நிற்கிறார்கள், யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று தெரியவில்லை. மூன்றாம் முறை ஆரன் அடித்தபோது ஏரியில் மேய்ந்துகொண்டிருந்த பூநாரைகள் கூட்டமாக எழுந்து, வானத்தில் இளஞ்சிவப்பாக ஒரு சுற்றுச் சுற்றி, மறுபடியும் அதே சேற்றில் இறங்கின. அந்த வட்டத்தில் ஒரு தலைகூடத் திரும்பவில்லை.