எட்டரை மணி மாத்திரை

விடிகாலை ஐந்து மணி. வெளியே பொட்டு வெளிச்சம் இல்லை. ஜெலுத்தோங் டோபிச் சலவைக் கொட்டகைக்குள்ளோ உச்சிவெயிலில் நிற்பதுபோல் வேர்த்து ஊற்றியது. கொதிநீர்த் தொட்டி, நீராவி, குளோரின் நெடி, இவற்றுக்கு நடுவே ஆளுயர இஸ்திரி ரோலரின் உறுமல். பத்து பெரிங்கிக் கடற்கரையின் ஹோட்டல்களில் சுற்றுப்பயணிகள் புரண்டு எழுந்த படுக்கை விரிப்புகள் பகல் பன்னிரண்டுக்குள் வெள்ளை வெளேரென்று திரும்பிப் போயாக வேண்டும்.

குணவதி ஈர விரிப்பின் இடது முனையைப் பிடித்தாள். வலது முனையை ஜெயலெட்சுமி பிடித்தாள். இருவரும் சேர்ந்து உதறி, விளிம்பை நேராக்கி, கொதிக்கும் உருளைகளின் வாயில் கொடுக்க வேண்டும். நிமிடத்துக்கு மூன்று விரிப்பு. போன திங்கள்கிழமை வரை வலது முனை ஹபீபா பீவியுடையது. ஒன்பது வருடம் இருவரும் பேசாமலே ஒத்து உதறியவர்கள். இப்போது பீவி ஆஸ்பத்திரிக் கட்டிலில், மூன்று விரல் குறைந்த கையோடு கிடந்தாள்.

இன்று வெள்ளி. நான்கு ராத்திரியாகக் குணவதிக்குத் தூக்கமில்லை. கழுத்து, தோள், இடுப்பு என்று வலி வீடு மாறி வீடு மாறிக் குடியேறிக்கொண்டிருந்தது. ரவிக்கைத் துணி உரசினாலே எரிந்தது. உட்கார முடியவில்லை, நின்றாலும் இருப்புக்கொள்ளவில்லை. காரணம் அவளுக்குத் தெரியும். திங்கள்கிழமையிலிருந்து அவள் மாத்திரையைத் தொடவில்லை. தீர்ந்துபோகவில்லை, பிளாஸ்டிக் பையில் இருபத்து மூன்று மிச்சமிருந்தன. அது அவள் தனக்குத் தானே விதித்துக்கொண்ட தண்டனை.

அந்த மாத்திரை கைக்கு வர மூன்று வருடம் ஆயிற்று. கம்பெனி கிளினிக்கில் முதலில் பனடோல் கொடுத்தார்கள், அப்புறம் ஊசி போட்டார்கள், கடைசியில் "எல்லாம் நெனைப்புத்தான்" என்று அனுப்பிவிட்டார்கள். பெரியாஸ்பத்திரியில் டாக்டர் சற்குணம் என்ற அம்மாதான் கழுத்திலும் தோளிலும் இடுப்பிலும் ஒவ்வோர் இடமாக அழுத்திப் பார்த்தார். அழுத்திய இடமெல்லாம் குணவதி துடித்தாள்.

"இதுக்கு ஃபைப்ரோமயால்ஜியான்னு பேரு. எக்ஸ்ரேயில தெரியாது. அதுக்காக ஒங்க வலி பொய்யின்னு யாரும் சொல்ல முடியாது" என்றார். அந்த ஒரு வார்த்தைக்கே குணவதிக்கு அழுகை வந்துவிட்டது. அமிட்ரிப்டிலின் எழுதிக் கொடுத்தார். "மனச்சோர்வுக்கு இத நெறைய குடுப்பாங்க. ஒங்களுக்குக் குடுக்கிறது ரொம்பக் கொஞ்சம், நரம்பு வலி தணியறதுக்கு. ராத்திரி எட்டரைக்கு ஒண்ணே ஒண்ணு. காலையில வாய் வறளும், கொஞ்சம் மந்தமா இருக்கும். நீங்களா நிறுத்தாதீங்க. வேற யாருக்கும் குடுத்துறாதீங்க."

குணவதி எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள்.

மூன்றாவது வாரம் அவள் விடிய விடியத் தூங்கினாள். வலி போய்விடவில்லை. அடுத்த அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டது, அவ்வளவுதான். அவளுக்கு அதுவே பெரிய விஷயம்.

அப்போது வேலை காலை ஏழு மணிக்கு. அது 1990, சுற்றுப்பயணிகளை வரவேற்று ஊரெல்லாம் பேனர் கட்டியிருந்த வருடம். ஹோட்டல்கள் நிரம்பின. முதலாளி தியாகராஜா ஒரே ஓர் அறிவிப்பு ஒட்டி வேலையை ஐந்து மணிக்கு முன்னால் இழுத்தார். எட்டரைக்கு மாத்திரை போட்டால் ஐந்து மணிக்கு ரோலர் முன்னால் கண் சொருகியது. யாரைக் கேட்பது? குணவதி தானாகவே மாத்திரையை ஆறரைக்கு மாற்றிக்கொண்டாள். அவள் கோழியோடு கோழியாக அடைவதைப் பார்த்து அவள் புருஷன் அர்ஜுனன் கேலி செய்தான். கேலி செய்துகொண்டே இரவுச் சோற்றையும் அவனே வடித்தான்.

பீவிக்கும் தோள் தூக்க முடியாத வலி. கிளினிக்கில் அதே பனடோல், அதே 'நெனைப்பு'. ஞாயிற்றுக்கிழமை பாசாரில் பார்த்தபோது குணவதி மனசு கேட்காமல் இரண்டு மாத்திரையைக் காகிதத்தில் மடித்துக் கொடுத்தாள். "போட்டுப் பாருங்க பீவிக்கா, சொர்க்கம்லா" என்றாள். எத்தனை மணிக்கு என்று சொல்லவில்லை. ஒன்று போதும் என்றும் சொல்லவில்லை. பீவி வீட்டு வேலையெல்லாம் முடித்துவிட்டுப் படுக்கும் முன் இரண்டையும் ஒன்றாகப் போட்டுக்கொண்டாள். விடிகாலையில் ஒரு விரிப்போடு அவள் கையும் உள்ளே போயிற்று.

ரோலர் வாய்க்கு முன்னால் ஒரு தடுப்புக் கம்பி உண்டு. விரல் பட்டால் மேலே எழும்பும், மறு நொடி இயந்திரம் நின்றுவிடும். தடித்த துணி பட்டாலும் நிற்கும். அதனால் வேலை கெடுகிறது என்று ஐந்து மணி வேலை வந்த வாரமே அதை அசையாமல் இரும்புக் கயிற்றால் கட்டிப்போட்டார்கள். இது கொட்டகையில் எல்லாருக்கும் தெரியும்.

ஒன்பது மணிக்கு ஆபீசிலிருந்து கூப்பிட்டு அனுப்பினார்கள்.

தியாகராஜா யாழ்ப்பாணத்து ரயில்வே கிராணி, அதாவது குமாஸ்தா ஒருவரின் மகன். நெற்றி நிறைய விபூதி. குரலை உயர்த்தி யாரும் கேட்டதில்லை. ஆஸ்பத்திரியில் பீவி எதையும் மறைக்காமல் சொன்னது கம்பெனி கிளினிக் வழியாக அவர் காதுக்கு வந்திருந்தது.

"இரும் பிள்ளை. உமக்கு என்ன வருத்தம்?"

"நரம்பு வலிங்கய்யா."

"நான் விசாரிச்சனான். இது விசருக்கு, பைத்தியத்துக்குக் குடுக்கிற மருந்தாமே."

"எனக்கு வலிக்குத்தான் குடுத்தாங்க. டாக்டர் எழுதிக் குடுத்தது."

"சரி. பீவிக்கு ஆர் எழுதிக் குடுத்தது?"

அவர் ஒரு தாளை நகர்த்தினார். குணவதி எழுதியதுபோல் மலாயில் டைப் அடித்திருந்தது. விபத்துக்குக் காரணம் நான் கொடுத்த மாத்திரை, இயந்திரத்தில் ஒரு குறையும் இல்லை என்று அவரே படித்துச் சொன்னார்.

"கையெழுத்து வையும். நான் போலீசுக்குப் போகமாட்டன். உம்மட வேலையும் இருக்கும்."

"பீவிக்காவுக்கு சொக்சோ விபத்துப் பணம் வராதுங்களே ஐயா."

"அது அவவின்ர பாடு."

"அந்தத் தடுப்புக் கம்பி..."

"எந்தக் கம்பி?" என்றார் தியாகராஜா. முகத்தில் ஒரு சுருக்கம்கூட இல்லை. "பன்னிரண்டு மணிக்கு லொறி வரும். அதுக்குள்ள குடும்."

தாளை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு வெளியே வந்தாள். கையெழுத்துப் போட்டால் பீவியின் வயிற்றில் அடிப்பது. போடாவிட்டால் தன் வேலை போகும், போலீஸ் வீட்டு வாசலுக்கு வரும். இதில் அவளை அரித்தது என்னவென்றால், அந்தத் தாளில் பாதி உண்மை.

பத்து மணித் தேத்தண்ணீருக்குப் பெண்கள் பின்கட்டில் கூடியிருந்தார்கள். இயந்திரம் பார்க்கும் சுப்பையாவும் ஒரு வாளியைக் கவிழ்த்துப்போட்டு உட்கார்ந்திருந்தார். குணவதி உட்காரவில்லை.

"ஒங்கக்கிட்ட ஒண்ணு சொல்லணும். பீவிக்காவுக்கு அந்த மாத்திரைய குடுத்தது நாந்தான்."

யாரும் திடுக்கிடவில்லை. ஜெயலெட்சுமி பிஸ்கட்டைத் தேத்தண்ணீரில் தோய்த்தாள்.

"தெரியும்க்கா. செவ்வாக்கெழமையே பீவிக்காவப் போயி பாத்தோம். நீதான் வரல. எப்ப வாயத் தொறப்பேன்னு காத்துக்கிட்டு இருக்கோம்."

"என்னா சொன்னாங்க?"

"குணா குடுத்தது ரெண்டு மாத்திரை, கம்பியக் கட்டுனது குணாவான்னு கேட்டாங்க. நீ வரலன்னுதான் அவங்களுக்கு வருத்தம்."

குணவதி அங்கேயே தரையில் உட்கார்ந்து அழுதாள். நான்கு நாள் அழுகை. ஜெயலெட்சுமி தாளை வாங்கித் தட்டுத்தடுமாறிப் படித்தாள். படித்து முடித்தபோது எல்லாருடைய கண்ணும் சுப்பையா பக்கம் திரும்பியது. அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"கம்பியக் கட்டுனது நாந்தான் தங்கச்சி. ஐயா சொன்னாரு, கட்டுனேன். இன்னிக்கு வேல முடிஞ்சதும் அவுத்துருன்னு சொல்லியிருக்காரு. திங்கக்கெழம கவர்மெண்டு தொழிற்சாலை அதிகாரி வர்றாராம்."

அப்படியா சங்கதி. எந்தக் கம்பி என்று கேட்ட மனிதருக்கு எந்தக் கம்பி என்று நன்றாகவே தெரிந்திருக்கிறது. குணவதி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

பன்னிரண்டுக்கு லொறி வந்து நின்றது. கூடவே தியாகராஜாவும் வந்தார். ரோலர் ஓடிக்கொண்டிருந்தது. குணவதி தாளை நீட்டினாள். கையெழுத்து இல்லை.

"என்ன பிள்ளை இது?"

"இதுல பாதிதான் இருக்குங்கய்யா. மாத்திரை குடுத்தது என் தப்பு. பெரியாஸ்பத்திரி டாக்டர்கிட்டயே போயி ஒத்துக்குவேன். போலீஸ் கேட்டாலும் சொல்லுவேன். கம்பியக் கட்டச் சொன்னது ஒங்க தப்பு. அதையும் எழுதுங்க, இப்பவே கையெழுத்துப் போடுறேன்."

"எந்தக் கம்பியைக் கதைக்கிறீர்?"

"இதுதாங்கய்யா" என்றார் சுப்பையா. துண்டித்த இரும்புக் கயிறு அவர் உள்ளங்கையில் சுருண்டு கிடந்தது. "கட்டுனதும் நான்தான், வெட்டுனதும் நான்தான். அதிகாரி வந்தா அவர்கிட்டயும் காட்டுவேன்."

குணவதி கையை நீட்டிப் புறங்கையால் தடுப்புக் கம்பியைத் தொட்டாள். கம்பி எழும்பியது. ரோலர் நின்றது. மாதக்கணக்காக அந்தக் கொட்டகை கேட்காத அமைதி. பாதி விரிப்பு உள்ளேயும் பாதி வெளியேயுமாகத் தொங்கியது. பதினாறு பெண்களில் ஒருத்திகூட நகரவில்லை.

"லொறி நிக்குது" என்றார் தியாகராஜா.

"நிக்கட்டுமே" என்றாள் ஜெயலெட்சுமி. "பீவிக்காவோட சொக்சோ பாரத்துல கம்பி கட்டியிருந்திச்சுன்னு எழுதணும். குணாக்கா வேல போகக் கூடாது. நாளையிலருந்து நாங்க ஏழு மணிக்குத்தான் வருவோம், எல்லாரும் ஒண்ணா. அஞ்சு மணிக்கு இல்ல."

"ஏழு மணிக்கு வந்தா கேற் பூட்டியிருக்கும்."

"அப்ப வெளிய நிப்போம்லா."

அவர் ஆபீசுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். உள்ளே டெலிபோன் சுற்றும் சத்தம் கேட்டது. போலீசுக்கா, ஹோட்டலுக்கா, தெரியவில்லை.

சாயங்காலம் குணவதி ஆஸ்பத்திரிக்குப் போனாள். பீவி கட்டுப்போடாத கையால் அவள் தோளைத் தொட்டுப் பார்த்து, "மருந்து போடலதானே நீ? கல்லு மாதிரி இருக்கு" என்றாள். "இன்னிக்குப் போடு. நாளைக்கு நீ நிக்கணும். எனக்கும் சேத்து நில்லு."

அவள் வீடு திரும்பியபோது ஆறரை. அர்ஜுனன் தண்ணீர் டம்ளரும் மாத்திரைப் பையுமாக வந்தான்.

"இப்ப வேணாம்" என்றாள்.

உலை வைத்தாள். இருவரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டார்கள். எத்தனையோ நாளுக்குப் பிறகு சன்னலோரம் நின்று தெருவைப் பார்த்தாள். வலி தோளை விடவில்லை. நாளை கேட் திறக்குமா, வேலை இருக்குமா, ஒன்றும் நிச்சயமில்லை. ஏழு மணிக்கு அங்கே பதினாறு பேர் நிற்பார்கள் என்பது மட்டும் நிச்சயம்.

சுவர்க் கடிகாரத்தில் எட்டரை ஆனதும் பையைத் திறந்து ஒரு மாத்திரையை எடுத்துப் போட்டுக்கொண்டாள்.