பங்களாக் கொய்யாவும் என் கையும்

அந்தப் பழத்தில் பாதியைத்தான் நான் தின்றேன். மிச்சப் பாதியை விதைக்கென்று எடுத்து வைத்தேன். தின்ற பாதி என்ன ருசி என்று சரியாகத் தெரிந்துகொள்ளாமல் ஏழு வருஷம் நான் பட்ட பாடு இருக்கிறதே!

ஐம்பத்தைந்தாம் வருஷம் அது. இலங்கை மலைநாட்டில் லிந்துலைப் பக்கம் எங்கள் தேயிலைத் தோட்டம். லயத்து வீட்டு வரிசையில் எங்களுக்கு அடுத்த காம்பராக் காளியாயி துரை பங்களாப் பூந்தோட்டத்தில் புல் வெட்டுகிறவள். ஒரு சாயங்காலம் மரத்தடியில் விழுந்து கிடந்ததென்று ஒரு பச்சைப் பழத்தை முந்தானையில் முடிந்து கொண்டுவந்தாள். கோழிமுட்டை அளவு. துரைசானி அதைப் பீஜோவா என்பாளாம். எங்கள் வாய்க்கு அது பங்களாக் கொய்யா. முடிச்சை அவிழ்த்ததும் காம்பரா முழுக்க வாசனை. கொய்யாவா, அன்னாசியா என்று நான் யோசிக்க, என் வீட்டுக்காரர் நல்லமுத்து, "சவுக்கார வாசமால்ல அடிக்குது" என்றார். அவர் மூக்கு அப்படி. ஒரு பாதியை வாயில் போட்டேன். என்ன ருசி என்று கண்டுபிடிப்பதற்குள் தொண்டையைத் தாண்டிவிட்டது.

விதை கசகசாவை விடச் சிறியது. சதையைத் துணியில் அலசி, விதையைக் காயவைத்துப் பால் டின்னில் போட்டேன். பதினாறு முளைத்தன. தேயிலை இப்படிச் செழிக்கிற மண்ணில் எதுதான் வளராது என்று, அஞ்சாம் நம்பர் மலையிலிருந்து ஒரு கூடை மண் சுமந்துவந்து கன்றுகளை அதில் நட்டேன். இலை மஞ்சளாகி ஒவ்வொன்றாகச் செத்தன. இரண்டுதான் மிஞ்சின.

காளியாயி தலையில் அடித்துக்கொண்டாள். "தேயிலைக்குப் புளிச்ச மண்ணு வேணும்டி. இதுக்கு அவ்வளவு புளிப்பு ஆகாது. பங்களாவுல நாங்க அடுப்புச் சாம்பலத்தான் போடுறோம்!"

லயத்துக்குப் பின்னால் எங்களுக்குக் காய்கறி போடக் கொடுத்த நிலத்துண்டில் முழங்கால் ஆழத்துக்குக் குழி வெட்டினேன். பழைய தேயிலை வேரையெல்லாம் பிடுங்கினேன். மக்கிய சாணி, சருகு, இரண்டு கை சாம்பல் கலந்து, மழைத் தண்ணீர் நிற்காதபடி மண்ணை மேடாகக் கூட்டினேன். இரண்டு கன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன். ஒற்றை மரம் பூத்தாலும் காய்ப்பது சந்தேகம் என்று காளியாயி சொல்லியிருந்தாள்.

கன்றுகள் புதராக வளர்ந்தன. பூவை மட்டும் காணோம். ஆறு வருஷம் ஓடிப்போனது.

அறுபத்திரண்டு தை மாதம் கணக்கப்பிள்ளை நாகலிங்கம் ஐயா துண்டுகளைப் பார்வையிட வந்தார். மலையில் "சுருக்கா பறி, சுருக்கா பறி" என்று எங்களை விரட்டுகிறவர் அவர்தான். துண்டு தோட்டத்துக்குச் சொந்தம். காய் விளைவிக்காதவர்களிடம் இருந்து பிடுங்கிவிடுவார்கள்.

"இத்தன வருசமா எலயா வளக்கிற, மீனம்மா? தீவாளிக்குள்ள காய் காட்டு. இல்லாட்டி மரத்த வெட்டிட்டுத் துண்ட வேற ஆளுக்குக் குடுத்துருவேன்."

"இப்பவே வெட்டிட்டுப் போஞ்சி வெத போடுவோம்" என்றார் வீட்டுக்காரர். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவர் தேயிலைச் செடியை மட்டமாகக் கவ்வாத்து வெட்டுகிறவர். செடி இடுப்புக்கு மேல் வளர்ந்தால் கை அரிக்கும். எங்கள் மரத்தில் துளிர் நுனியெல்லாம் காணாமல் போய்க்கொண்டிருந்தது. எனக்குத் தெரியாமல் அதை வெட்டுவது அவர்தான் என்று முடிவு கட்டிக் கத்தியை ஒளித்துவைத்தேன். எங்கள் லயத்து மூக்கனின் ஆடு மேய்ந்திருக்கும் என்று அவன் வாசலில் போய் நின்று கத்தினேன். நான் திட்டாதவர்கள் அந்த லயத்தில் குறைவு.

மறுநாள் மரத்தருகே நின்று இதையெல்லாம் காளியாயியிடம் மூச்சுவிடாமல் சொல்லிக்கொண்டிருந்தேன். அவள் திடீரென்று சிரித்தாள்.

"ஒங் கையப் பாரு, புள்ள."

பார்த்தேன். உள்ளங்கை நிறைய அந்த மரத்துக் கொழுந்து. மலையில் பறிக்கிற மாதிரியே இரண்டு இலையும் ஒரு மொட்டுமாக, ஒன்று போலக் கிள்ளியிருந்தேன். பத்து வயதிலிருந்து தேயிலை பறித்த கை. என்னைக் கேட்கவே இல்லை. பூக்க வேண்டிய துளிரையெல்லாம் வருஷக்கணக்காக நானே ஆய்ந்து போட்டிருக்கிறேன். மூக்கனிடம் போய் மன்னிப்புக் கேட்டேனா என்றால், இல்லை.

அன்றிலிருந்து மரத்தருகே போனால் கையைப் பின்னால் கட்டிக்கொள்வேன். சித்திரையில் பூத்தது. தடித்த வெள்ளை இதழும் நடுவே சிவப்புக் குஞ்சமும். கொண்டைக்குருவிகள் இதழைக் கொத்தின. கல்லை எடுத்த கையைக் காளியாயி பிடித்துக்கொண்டாள். "விடுடி. அதுக வந்தாத்தான் காய்க்கும்." நானும் ஓர் இதழைத் தின்றுபார்த்தேன். சீனி மாதிரி இனித்தது.

பதினொரு காய் பிடித்தன. தீபாவளிக்கு மூன்று நாள் இருக்கும்போது கணக்கப்பிள்ளை வந்தார்.

"காய்ச்சிருச்சா? பாப்பம்" என்று கையை நீட்டினார்.

அவர் மணிக்கட்டை எட்டிப் பிடித்துவிட்டேன். பக்கத்தில் நின்ற வீட்டுக்காரர் முகத்தில் ஈயாடவில்லை. கணக்கப்பிள்ளை கையைப் பிடித்த கொழுந்துக்காரி எங்கள் தோட்டத்தில் உண்டா? ஆனாலும் பிடியை விடவில்லை.

"பறிக்காதீங்க ஐயா. பறிச்சா கல்லு மாதிரி இருக்குங்க. அதுவா விழணும்."

நான் கையை விட்டுவிட்டு, மண்டியிட்டுச் சருகைத் துழாவினேன். ஒன்று அகப்பட்டது. முதல் பழம். அதே வாசனை. ஏழு வருஷம் காத்திருந்த வாய் எனக்கு. கொடுக்க மனசே இல்லை. இருந்தாலும் ஒளித்துவைத்திருந்த கவ்வாத்துக் கத்தியை எடுத்துவந்து வெட்டி, பாதியை அவரிடம் நீட்டினேன். மறுபடியும் எனக்குப் பாதிதான்.

இந்தத் தடவை விழுங்காமல் வாயிலேயே வைத்திருந்தேன். கொய்யா வந்தது. அன்னாசி வந்தது. பிறகு இரண்டும் இல்லாத ஏதோ ஒன்று வந்தது.

"இது என்னா ருசி?" என்றார் தோலை வழித்துக்கொண்டே.

"இன்னும் தெரியலிங்க ஐயா."

"ம். துண்டு ஒங்கிட்டயே இருக்கட்டும்" என்றவர், நிமிர்ந்து கிளையைப் பார்த்தார். கை தானாக மேலே போயிற்று. பாதியில் நின்றது. மெதுவாக இறக்கி முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டார்.

"அடுத்தது எப்ப விழும்?"

"அது இஷ்டங்க."

அவர் போகவில்லை. நானும் கையைக் கட்டிக்கொண்டு பக்கத்தில் நின்றேன்.