நற்செய்தி நிலையத்தின் வரலாறு

காற்று அடங்கட்டும் என்று எலக்ட்ரீஷியன் ரேடியோ டவரின் அடியில் காத்திருந்தார். இடுப்பில் தோல் பெல்ட். தோளில் விளக்குகளுக்கான ஒயர்ச் சுருள். டவரை நாலாபுறமும் இழுத்துப் பிடித்திருந்த ஸ்டே கம்பிகளில் ஒன்று தரையில் இறங்கும் இடத்தைக் காலால் தட்டினார். துரு செதில் செதிலாக உதிர்ந்தது.

உள்ளே அவர் மனைவி மைக் முன்னால் உட்கார்ந்து நேயர்களின் ஜெபக்குறிப்புகளை வாசித்துக்கொண்டிருந்தாள். நேரடி ஒலிபரப்பு. வேலை போன லாரி டிரைவர், ஆபரேஷனுக்குப் பயந்து கிடக்கும் ஒரு தாய். முகம் தெரியாவிட்டாலும் ரேடியோ அக்கா என்றால் ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

நிலையத்தைத் தொடங்கியவர் பழைய போதகர். ஜெபக் கூடத்துக்குப் பின்னால் நாற்காலி அடுக்கும் அறையில், யாரோ கழித்துக் கொடுத்த கருவியை வைத்து ஆரம்பித்தார். எதிரொலிக்காமல் இருக்கச் சுவரெல்லாம் முட்டை அட்டை. மின்விசிறி ரிப்பேர் பார்க்க வந்த எலக்ட்ரீஷியன் அங்கேயே தங்கிவிட்டார். குழாய் குழாயாகப் பற்றவைத்து டவரை நிறுத்தியது அவர்தான். ஜெபம் கேட்டு வந்த ஒரு பெண்ணின் குரலைக் கேட்டதும் போதகர் அவளை மைக் முன் உட்காரவைத்தார். கம்பியும் குரலும் சேர்ந்திருந்தால்தான் நிலையம் ஓடும் என்று கேலி பேசி, இருவருக்கும் கல்யாணம் முடித்துவைத்தவரும் அவரே.

போதகர் காலமானபின் அவர் மகன் பொறுப்புக்கு வந்தார். எல்லோருக்கும் சின்ன ஐயா. ஆண்டு விழாவுக்கு நிலையத்தின் வரலாற்றை அக்காவின் குரலில் ஒலிபரப்ப வேண்டும், டவரின் உச்சி வரை விளக்கு எரிய வேண்டும் என்றார். கம்பியை மாற்றாமல் ஏறக் கூடாது என்று எலக்ட்ரீஷியன் சொல்லிப் பார்த்தார். விழா முடியட்டும் என்ற பதில் வந்தது. மறுபடி சொன்னபோது, மேடை போட வந்தவர்களெல்லாம் கேட்க, சின்ன ஐயா சிரித்துக்கொண்டே கேட்டார்.

"அப்பா ஜெபம் பண்ணி நிறுத்தின டவர் அண்ணே. உங்களுக்கு விசுவாசம் குறைஞ்சுபோச்சா?"

அன்று வீட்டில் எலக்ட்ரீஷியனின் தட்டில் போட்ட சோறு அப்படியே இருந்தது. முடியாது என்று சொல்லிவிடச் சொன்னாள் மனைவி.

"நான் ஏறலைன்னா வெளியிலேர்ந்து ஒருத்தனைக் கூட்டிட்டு வருவாங்க. எந்தக் கம்பி எப்படி இருக்குன்னு அவனுக்குத் தெரியாது. நானாவது பாத்து ஏறுவேன்."

இப்போது காற்று அடங்கின மாதிரி இருந்தது. ஏறினார்.

கம்பி அறுந்த சத்தம் அவளுக்குக் கேட்கவில்லை. முட்டை அட்டை அதை உள்ளே விடவில்லை. மேசை அதிர்ந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம், ஒலிபரப்பு போகிறது என்று காட்டும் பச்சை விளக்கு அணைந்தது. யாருடைய பெயரையோ பாதி சொல்லியிருந்தவள் அப்படியே விட்டுவிட்டு வெளியே ஓடினாள்.

டவர் மதில்மேல் மடங்கிக் கிடந்தது. சிலர் தள்ளி நின்று முழங்காலிட்டு ஜெபித்துக்கொண்டிருந்தார்கள். கீழே விழுந்து கிடந்த கணவருக்கு நினைவு இருந்தது.

"காலைக் கொஞ்சம் நீட்டிவிடு," என்றார்.

கால்கள் நீட்டித்தான் இருந்தன.

ஜெபக் கூடத்தின் சிபாரிசில் மிஷன் ஆஸ்பத்திரியில் ஒரு கட்டில் கிடைத்தது. இனி எழுந்து நடப்பது நடக்காத காரியம் என்று டாக்டர் அவளிடம் மட்டும் சொன்னார். டவர் விழுந்ததைக் கேள்விப்பட்ட நேயர்கள் கையில் இருந்ததை அனுப்பினார்கள். முன்னைவிட உயரமாகப் புது டவர் எழுந்தது. சின்ன ஐயா வந்து எலக்ட்ரீஷியனின் தலையில் கை வைத்து ஜெபித்தார். உண்மையாகவே அழுதார். பிறகு அவளைக் கதவோரம் கூப்பிட்டு ஒரு தாளைக் கொடுத்தார். வரலாற்றில் சேர்க்க வேண்டிய பகுதி. புயலில் டவர் சாய்ந்தது, கர்த்தருடைய கிருபையால் ஒருவருக்கும் சேதமில்லை என்றிருந்தது.

"அன்னிக்குப் புயல் ஏதுங்கய்யா?"

"கேக்கிறவங்க மனசு கலங்கக் கூடாது அக்கா." குரல் தணிந்தது. "கட்டிலைப் பத்திக் கவலைப்படாதீங்க. நாம சொல்ற வரைக்கும் அண்ணனைக் காலி பண்ணச் சொல்ல மாட்டாங்க."

அவள் திரும்பி வந்தபோது கணவர் சுவரைப் பார்த்தபடி படுத்திருந்தார்.

"படிச்சிடு," என்றார்.

நிலையத்துக்குப் போய்ப் பதிவுக்குப் படித்தாள். பிசிறில்லாமல் வந்தது.

தள்ளிப்போட்டிருந்த விழாவன்று காலையில் பக்கத்துக் கட்டிலுக்கு ஒரு கிழவர் வந்து சேர்ந்தார். மூத்திரப் பையைக் கையில் பிடித்தபடியே தலைமாட்டில் டிரான்சிஸ்டரை வைத்து முள்ளைத் திருப்பினார். நிலையத்தின் வரலாறு ஓடிக்கொண்டிருந்தது. புயல் வந்தது, டவர் சாய்ந்தது, ஒருவருக்கும் சேதமில்லை. கிழவர் ஸ்தோத்திரம் சொல்லிவிட்டு எட்டிப் பார்த்தார். அடுத்த கட்டில்காரர் கண்ணை மூடிக் கிடந்தார். பாவம், அவரும் கேட்கட்டும் என்று மெல்ல எழுந்து வந்து ரேடியோவை அவர் முழங்கால்மேல் நிறுத்திவைத்தார். பாரம் ஏறியது படுத்திருந்தவருக்குத் தெரியவில்லை.

"இந்த அக்கா பேசினா மனசு லேசாயிடும்," என்றார் கிழவர். "நீ கேப்பியாம்மா இவங்களை?"

கணவரின் கட்டிலருகே ஈரத் துணியைப் பிழிந்துகொண்டிருந்தவள் வாயைத் திறக்காமல் தலையை மட்டும் ஆட்டினாள்.