விழுந்தவர் எழும்பும் படம்

1

இந்தக் கதை என் சிரிப்பிலிருந்து வந்தது. 2009 மாசி மாதம், குளிர்நாட்டில் நாங்கள் குடியேறிய புருசெத்தில், எங்கள் அடுக்குமாடி புளொக்கின் முன்னால் ஒருவர் பனிக்கட்டியில் வழுக்கி விழுந்தார். ஜன்னலில் நின்று சிரித்தேன். அவர் வேண்டுமென்றே விழுந்தார் என்பதைப் பிறகு அவரே சொல்லித்தான் அறிந்தேன்.

(‘குகநேசன் ஒரு கோமாளி’ என்று முதலில் தொடங்கினேன். அடித்துவிட்டேன்.)

2

குகநேசன் பஸ் ஓட்டுபவர். மனைவி உதயகுமாரியின் ஒரே தம்பி வன்னிப் போரில் செல் குண்டு விழுந்து செத்துப்போனான். செய்தி வந்ததிலிருந்து அவள் அழவுமில்லை, கதைக்கவுமில்லை. சோறு வைத்தால் தின்றாள்.

கதைக்காதவளுக்குக் கதைக்காத படம் பொருந்தும் என்று நினைத்து, குகநேசன் நூலகத்திலிருந்து பழைய மௌனப் படங்களின் டிவிடி ஒன்றைக் கொண்டுவந்தார். ஏணி சுழன்று ஒருவனின் பிடரியில் அடித்தது. தடியன் ஒருவன் மாவுத்தொட்டிக்குள் கவிழ்ந்தான். மாடியிலிருந்து விழுந்தவன் தொப்பியைத் தட்டிப் போட்டுக்கொண்டு நடந்தான்.

(இங்கே நகைச்சுவை பற்றி ஒரு பக்கம் எழுதியிருந்தேன். மிஞ்சியது இவ்வளவுதான்: அந்தப் படங்களில் எல்லாம் விழும், சாவு மட்டும் விழாது.)

“எல்லாரும் எழும்புகினம், என்னப்பா,” என்றாள் உதயகுமாரி, செய்தி வந்தபிறகு முதல் முறையாக வாய்திறந்து.

“ஓம்.”

“எப்பிடி எழும்புகினம்?”



3

மறுநாள் வேலை முடிந்து வரும்போது முற்றத்தில் உண்மையாகவே வழுக்கினார். கால் இரண்டும் வானத்தில். பையிலிருந்த தோடம்பழங்கள் நாலாபக்கமும் உருண்டன. நிமிர்ந்து பார்த்தார். பல்கனியில் அவள். அவளுடைய உதடு அசைந்தது.

அவள் சிரித்தாள், பனி உருகுவதுபோல —

இல்லை. அது சிரிப்பா என்று அவருக்கே தெரியாது. ஆனால் அது அவருக்குப் போதுமாயிருந்தது. எழும்பினார், தொப்பியைத் தட்டினார், மறுபடி விழுந்தார். நான் பார்த்தது இதைத்தான். அடுத்த முறை விழுந்தபோது இடுப்பில் ஏதோ முறிந்தது.

“எழும்புங்கோ,” என்றாள் மேலிருந்து. குரல் உயரவில்லை.

கையை ஊன்றிப் பார்த்தார். “உதயா, ஏலாதப்பா.”

அவள் வெறுங்காலோடு இறங்கிவந்து பக்கத்தில் குந்தினாள்.

“தம்பிக்கும் இப்பிடித்தான் ஏலாமப் போயிருக்கும்.”

4

அவள் கதறி அழுதாள், மனப்பாரம் இறங்கியது என்றொரு முடிவு எழுதினேன். இருவரும் பனியில் கிடந்து சிரித்தார்கள் என்று இன்னொன்று. இரண்டும் பொய். நடந்தது எனக்குத் தெரியும்: எலும்பு பொருந்தியது, அவள் மறுபடியும் வாயை மூடிக்கொண்டாள். அதைக் கதையின் முடிவாக வைக்க எனக்கு மனமில்லை.

ஆகவே அவர்களை முற்றத்திலேயே விட்டிருக்கிறேன். அம்புலன்ஸ் இன்னும் வரவில்லை. நீங்கள் இறங்கிப் போவதென்றால், ஒரு போர்வை கொண்டுபோங்கள்.