பள்ளத்தாக்கு மலையான நாள்

இஸாம் அனுப்பிய புது ஃபைலைக் கணினியில் ஏற்றிவிட்டுத் த்ரீடி கண்ணாடியை மாட்டினேன். தஃபீலா பள்ளத்தாக்கு மலையாக எழும்பி என் மூக்கை இடிக்க வந்தது. ஓடை அதன் உச்சியில் ஓடிக்கொண்டிருந்தது. யா அல்லாஹ்!

விமானத்திலிருந்து எடுத்த ஜோடிப் படங்களைக் கண்ணுக்கொன்றாகக் காட்டி, மேடு பள்ளத்தை எழுப்பித் தருகிற மென்பொருள் ஃபைல் அது. அதைப் பார்த்துத்தான் நான் வரைபடத்தில் உயரக் கோடுகளை இழுக்க வேண்டும். இன்று மாலைக்குள் வரைபடம் போயாக வேண்டும். இத்தனை வருடத்தில் முதன்முதலாக ஓரத்தில் என் பெயர் அச்சாகப் போகிற வரைபடம். தவறினால் அதைக் கூட வேலை செய்யும் ஹைஃபாவிடம் கொடுத்துவிடுவேன் என்று முதலாளி அபூ ஸுஹைர் முகத்துக்கு நேரே சொல்லியிருந்தார்.

ஃபைலை எழுதிய இஸாம் பக்கத்து அறையில்தான் இருக்கிறான். போன் போட்டேன்.

"உன் ஃபைலு பள்ளத்த மேடாக்குது. வந்து பாரு."

"நான் சோதிச்சுட்டேன் ருலா. இடது படம் இடது கண்ணுக்கு, வலது படம் வலது கண்ணுக்கு. எல்லாம் சரியா இருக்கு."

"என் மேசைல வந்து பாத்தியா?"

"ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம்" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டான்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. யார் மேசைக்கும் வந்து பார்க்கமாட்டான் இந்த மகாராஜா. சமைப்பானாம், வாயில் வைக்கமாட்டானாம். நேராக அவன் அறைக்குப் போனேன். என்ன இருந்தாலும் அம்மான் நகரத்தில் பிறந்தவன், வந்தவளுக்குக் காபி ஊற்றினான். நான் கோப்பையைத் தொடாமல் அவன் மேசையில் வைத்தேன்.

அறையில் இருந்த எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். எங்கள் ஊரில் பெண் கேட்டுப் போகிறவர்களும் பகை தீர்க்கப் போகிறவர்களும்தான் கேட்டது கிடைக்கும்வரை அப்படி வைப்பார்கள். குடிக்காமல் அனுப்பினால் வீட்டுக்காரனுக்கு மானம் போகும்.

"என்னடி, மாப்பிள்ளை கேக்க வந்தியா?" என்றாள் ஹைஃபா.

"இவனையா? சும்மா குடுத்தாலும் வேணாம். கண்ணாடி மாட்டிப் பாக்க வரச் சொல்லு, குடிக்கிறேன்."

இஸாமின் காது சிவந்தது. "வந்து தொலைக்கிறேன், குடி!"

ஒரே மடக்கில் குடித்துவிட்டு அவனை இழுத்துவந்தேன். ஊரே வேடிக்கை பார்க்கப் பின்னால் வந்தது. கண்ணாடியை மாட்டிக்கொண்டு, "பள்ளம் அழகா இறங்குதே, என்ன குறை?" என்றான்.

மலையாக நிற்பதைப் பார்த்து இறங்குகிறது என்கிறானே! திட்ட வாயெடுத்தவள், ஊகித்துச் சொல்கிறவனின் தயக்கத்தை அவன் முகத்தில் பார்த்து நிறுத்திக்கொண்டேன். மற்றவர்களை விரட்டினேன்.

"உனக்கு மேடும் தெரியல, பள்ளமும் தெரியல. அதானே?" என்றேன் மெதுவாக.

"பொறந்ததுலேருந்து மாறுகண்ணு. ஆபரேஷன் பண்ணி நேராக்கினாங்க. ஆனா ரெண்டு கண்ணும் சேந்து பாக்கப் பழகவே இல்ல. சொன்னா சிரிப்பீங்க."

"சிரிக்கத்தான் செய்வோம். அதுக்காக என் வரைபடத்துல தண்ணிய மலையேத்துவியா?"

அவனுக்கே சிரிப்பு வந்துவிட்டது. பிறகு ஒரு கண்ணை மூடினான், அதைத் திறந்து மற்றதை மூடினான். "அட! உன் புதுத் திரை வலது படத்தையில்ல முதல்ல காட்டுது! என் திரை இடது படத்த முதல்ல காட்டும். அதான் படம் கண்ணு மாறிப் போகுது." ஓடிப்போய் ஃபைலில் ஒரு வரியை மாற்றி அனுப்பினான். அடுத்த நிமிடம் மலை சரிந்து பள்ளமாக இறங்கியது. எனக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது.

சாயங்காலம் கடைசிக் கோட்டை இழுத்து, ஓரத்தில் என் பெயரோடு வரைபடத்தை அனுப்பிவிட்டு நிமிர்ந்தால், இஸாம் பின்னாலேயே நிற்கிறான்.

"ருலா, நெஜமாவே தெரியுதா? உள்ள இறங்குதா?"

கிண்டல் இல்லை, கேட்கிறான். நான் திரும்பவும் கண்ணாடியை மாட்டினேன்.

"ஓடைக்கரைல ஒரு மரம் நிக்குது. அதோட உச்சி எனக்குக் கிட்ட இருக்கு, எட்டித் தொட்டுடலாம் போல. தண்ணி அதுக்கும் எவ்வளவோ கீழ."

அவன் பெருமூச்சு விட்டான்.

"நல்லவேளை. என் மனசு நோகக் கூடாதுன்னு, என் ஃபைல்ல மேடு பள்ளம் தெரியுதுன்னு எல்லாரும் சும்மா சொல்றீங்களோன்னு இத்தன நாளா நெனச்சிட்டிருந்தேன்."